99 வருஷக் குத்தகை
(மில் தொழிலாளரும் விவசாயத் தொழிலாளரும் கலந்துகொண்ட வகுப்பு ஒன்றில் ஆற்றிய உரை)



குத்தகை என்றால் என்னவென்று உங்களுக்கு நான் சொல்லித் தரவேண்டியதில்லை. இங்கே உட்கார்ந்திருப்பவர்களில் பாதிப் பேர் குத்தகைக்கு உழுதவர்கள், அல்லது உழுதவர்களின் பிள்ளைகள். ஒரு போகம் பொய்த்தால் மிராசுதாரின் காரியக்காரன் களத்துமேட்டில் வந்து நின்றதையும், மறு போகத்துக்கு அதே நிலம் வேறு ஆளுக்குப் போனதையும் கண்ணால் பார்த்தவர்கள். அந்தக் குத்தகைக்கு ஆயுசு ஒரு வருஷம். வாய்ச்சொல்லில் வரும், வாய்ச்சொல்லில் போகும்.

நான் இன்று பேசப்போவது வேறு வகைக் குத்தகை. அதற்கு ஆயுசு 99 வருஷம். பத்திரத்தில் எழுதி, முத்திரை வைத்து, ரிஜிஸ்தர் செய்து கொடுப்பது. கொடுக்கிறவர் சர்க்கார், அல்லது முன்காலத்து ஜமீன். வாங்குகிறவர் கம்பெனி. நிலமோ உங்களுக்கும் எனக்கும் பொதுவானது. இந்தக் குத்தகை கோர்ட்டுக்குப் போனால் என்ன நடக்கிறது, நடுவில் கூலிக்காரன் கதி என்ன ஆகிறது என்பதுதான் விஷயம்.

முதலில் ஒரு சின்ன உதாரணம். சென்னை கிண்டியில் குதிரைப் பந்தய மைதானம் இருப்பது உங்களுக்குத் தெரியும். 160 ஏக்கர் 86 சென்ட். 1945-ம் வருஷம், வெள்ளைக்காரன் ஆட்சியில், அந்த நிலம் பந்தய கிளப்புக்கு 99 வருஷத்துக்குக் குத்தகை விடப்பட்டது. வருஷ வாடகை எவ்வளவு தெரியுமா? 614 ரூபாய்ச் சொச்சம். கணக்குப் போட்டுப் பாருங்கள், ஏக்கருக்கு நாலு ரூபாய்கூட வரவில்லை. சென்னையில் ஒரு குடித்தனக்காரர் ஒற்றை அறைக்கு ஒரு மாதத்துக்குக் கொடுப்பதில் பத்தில் ஒரு பங்கு தேறாது.

1970-ல் வாடகையை உயர்த்த சர்க்கார் நோட்டீஸ் கொடுத்தது. கிளப் என்ன சொன்னது? "வாடகையை உயர்த்தலாம் என்று பத்திரத்தில் எங்கே எழுதியிருக்கிறது? காட்டுங்கள்" என்றது. அந்த வாதத்தை ஹைகோர்ட் தள்ளி, 730 கோடியே 86 லட்சம் ரூபாய் பாக்கியைக் கட்டு என்று சொன்னது 2023 மார்ச் மாதத்தில். ஆக, ஒரு நோட்டீசுக்கு முடிவு தெரிய 53 வருஷம்! 2024 செப்டம்பரில் சர்க்கார் குத்தகையை ரத்து செய்து மைதானத்துக்குச் சீல் வைத்தது. கிளப் மறுபடியும் கோர்ட்டுக்குப் போயிற்று. (இடையில் 1974-ல் பந்தயத்தையே ஒழிக்கச் சட்டம் வந்தது, 1986-ல் கிளப்பையே எடுத்துக்கொள்ளச் சட்டம் வந்தது. இரண்டும் 1996-ல் சுப்ரீம் கோர்ட்டில் அடிபட்டன. குதிரைப் பந்தயம் சூதாட்டமல்ல, திறமை சார்ந்த ஆட்டம் என்பது தீர்ப்பு. திறமை குதிரைக்கா, பணம் கட்டுகிறவருக்கா என்று நான் கேட்கப் போவதில்லை.)

வாடகை பாக்கி வைத்த ஏழைக் குடித்தனக்காரனின் சட்டி பானையை வீதியில் வைக்க எத்தனை நாள் ஆகும்? அதற்கும் இந்த 53 வருஷத்துக்கும் உள்ள தூரத்தை மனதில் வைத்துக்கொண்டு மேலே கேளுங்கள்.

கிண்டியில் பணம்தான் பிரச்னை. மாஞ்சோலையில் மனிதர்கள் பிரச்னை. ஆகவே அங்கே சற்று நின்று பேச வேண்டும்.

திருநெல்வேலி ஜில்லா அம்பாசமுத்திரம் தாலுகா. மணிமுத்தாறு அணைக்கு மேலே மலை. மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என்று தேயிலை எஸ்டேட்டுகள். அந்த மலை சிங்கம்பட்டி ஜமீனுக்குச் சேர்ந்தது. 1929 பிப்ரவரியில் ஜமீன்தார் 8,373 ஏக்கர் 57 சென்ட் காட்டை ஒரு கம்பெனிக்கு 99 வருஷக் குத்தகைக்கு எழுதிக் கொடுத்தார். கம்பெனியின் பெயர் பம்பாய் பர்மா வர்த்தகக் கழகம்.

இந்தப் பெயரில் ஏன் பர்மா வந்தது? இதைத் தெரிந்துகொள்வது நல்லது. இந்தக் கம்பெனி பிறந்தது 1863-ல். தொழில், பர்மாவில் தேக்கு வெட்டுவது. பிற்பாடு மேல் பர்மாவை ஆண்டவர் தீபா ராஜா. அவருடைய காடுகளைக் கம்பெனி குத்தகைக்கு எடுத்து, வெட்டும் மரத்துக்கு இத்தனை என்று ராஜாவுக்குக் கட்டவேண்டும். வெட்டியதைவிடக் குறைவாகக் கணக்குக் காட்டினார்கள் என்று 1885-ல் ராஜாவின் மந்திரி சபை விசாரித்து, 23 லட்சம் ரூபாய் அபராதம் போட்டது. குத்தகைத் தாவாதான், தோழர்களே! சொந்த நாட்டுக் காட்டுக்குச் சொந்த நாட்டுச் சபை விசாரித்துச் சொன்ன தீர்ப்பு. வெள்ளைக்கார சர்க்கார் என்ன செய்தது? அப்பீல் போகவில்லை. பீரங்கிப் படகுகளில் ஐராவதி நதி வழியாகப் பட்டாளத்தை அனுப்பியது. அந்த வருஷம் முடிவதற்குள் மாந்தளை விழுந்தது. 1886 ஜனவரி 1-ம் தேதி மேல் பர்மா பிரிட்டிஷ் ராஜ்யத்தோடு சேர்க்கப்பட்டது. ராஜாவை ரத்தினகிரிக்கு நாடு கடத்தினார்கள், அங்கேயே செத்தார். படையெடுப்புக்கு வெள்ளைக்காரனுக்கு வேறு காரணங்களும் இருந்தன, பிரெஞ்சுக்காரன் முந்திவிடுவான் என்ற பயம் ஒன்று. ஆனால் கையில் எடுத்துக் காட்டிய காரணம் இந்த மர அபராதம்தான்.

அந்தக் கம்பெனிதான் பிறகு நம் மலைக்கு வந்தது. காட்டை வெட்டித் தோட்டம் போட்டது. வெட்டியது யார்? சமவெளியிலிருந்தும் மலைக்கு அந்தப்புறத்திலிருந்தும் கங்காணிகள் கூட்டிவந்த கூலி ஜனங்கள். அட்டைக்கடியும் குளிர்காய்ச்சலும் பட்டு, செடி நட்டு, கொழுந்து பறித்து, லைன் வீட்டில் பிள்ளை பெற்று, அந்தப் பிள்ளையும் கொழுந்து பறித்து, இப்படி மூன்று நான்கு தலைமுறை.

சுதந்திரம் வந்தது. 1948-ல் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது. அதன் பிரகாரம் 1952-ல் சிங்கம்பட்டி ஜமீனும் போயிற்று. ஜமீன் போனால் ஜமீன் எழுதிக் கொடுத்த குத்தகையும் போக வேண்டுமல்லவா? அங்கேதான் சட்டத்தின் சூட்சுமம் இருக்கிறது. அந்தச் சட்டத்தின் 20-வது பிரிவைப் படித்துப் பாருங்கள். ஜமீன்தார் முன்பு கொடுத்த குத்தகை செல்லும், ஜமீன்தார் இருந்த இடத்தில் இனி சர்க்கார் இருக்கும் என்பது அதன் சாரம். பொதுநன்மைக்கு வேண்டுமானால் நஷ்டஈடு கொடுத்துக் குத்தகையை முடித்துக்கொள்ளவும் அதிலேயே அதிகாரம் வைத்திருந்தார்கள். ஆனால் மாஞ்சோலையில் கம்பெனி தன் பாட்டுக்குத் தொடர்ந்தது. நிலச்சுவான்தார் மாறினார், குத்தகைக்காரர் மாறவில்லை. உழைத்தவன் எந்தக் கணக்கிலும் இல்லை.

இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன். ஜமீன் ஒழிப்பு என்றதும் சமவெளியில் உழுதவனுக்குப் பட்டா கிடைக்கும் என்று பேசினோம். ஓரளவு கிடைத்தது, பெரும்பாலும் கிடைக்கவில்லை, அது வேறு கதை. மலையில் அந்தப் பேச்சே எழவில்லை. காரணம், அங்கே உழைத்தவன் குடியானவன் அல்ல, கூலி. அவன் பெயர் செக்ரோலில் இருந்தது, அடங்கலில் இல்லை. 1951-ம் வருஷத்துத் தோட்டத் தொழிலாளர் சட்டம் வந்து, கம்பெனி வீடு கொடுக்க வேண்டும், ஆஸ்பத்திரி வைக்க வேண்டும் என்று சொன்னது. நல்ல சட்டம்தான். ஆனால் வீடு வேலையோடு ஒட்டிய வீடு. வேலை போனால் வீடும் போகும். நம் மில் லைனில் இருந்தவர்களுக்கு இது தெரியாததல்ல.

1999-ல் நடந்ததை மறக்க முடியாது. கூலி உயர்வு கேட்டுத் தோட்டத் தொழிலாளர் போராடினார்கள். அறுநூறுக்கு மேற்பட்டவர்கள் சிறையில் இருந்தார்கள். அவர்களை விடுதலை செய், கோரிக்கையைத் தீர்த்து வை என்று ஜூலை 23-ம் தேதி திருநெல்வேலியில் கலெக்டர் ஆபீசை நோக்கி ஊர்வலம் போனது. போலீஸ் தடியடி. ஒருபக்கம் தடி, மறுபக்கம் தாமிரபரணி. 17 பேர் செத்தார்கள். அதில் பெண்கள் உண்டு, தாய் இடுப்பில் இருந்த பச்சைக் குழந்தை உண்டு. மலையில் உற்பத்தியாகிற அதே ஆறு.

பிறகு கோர்ட்டுக் கதை. அந்த மலை களக்காடு முண்டந்துறைப் புலிகள் சரணாலயத்தின் நடுவே இருக்கிறது. சிங்கம்பட்டிக் காடு முழுவதையும் காப்புக்காடாக அறிவிக்கும் வேலை இழுத்துக்கொண்டே கிடந்தது. கம்பெனி வழக்குத் தொடுத்தது, நிற்கவில்லை. 2018-ல் குத்தகை நிலமும் சேர்த்துக் காப்புக்காடு என்று அறிவித்தாயிற்று. குத்தகைக் காலம் 2028 பிப்ரவரியில் முடிகிறது. இனி நீட்டிப்பு இல்லை என்பது கம்பெனிக்குத் தெரிந்துவிட்டது. நாலு வருஷம் முன்னதாகவே கடையைக் கட்டியது. 2024-ல் விருப்ப ஓய்வுக் காகிதத்தை நீட்டி, ஜூன் மாதத்தோடு வேலை முடிந்தது, வீட்டைக் காலி செய் என்றது.

'விருப்ப ஓய்வு' என்ற பெயரைக் கவனியுங்கள். வேலை இல்லை, வீடு இல்லை, கையெழுத்துப் போட்டால் பணம், போடாவிட்டால் அலைச்சல். இதில் விருப்பம் எங்கே இருக்கிறது?

தொழிலாளர்கள் ஹைகோர்ட் மதுரை பெஞ்சுக்குப் போனார்கள். அவர்கள் கேட்டது நியாயமான ஒன்று. இலங்கையிலிருந்து திரும்பிய தமிழர்களுக்கு வேலை கொடுப்பதற்காக உண்டான சர்க்கார் தேயிலைத் தோட்டக் கழகம், டான்டீ, இருக்கிறதே, அது எஸ்டேட்டை எடுத்து நடத்தட்டும் என்றார்கள். காப்புக்காடு ஆகிவிட்டது, புலிகள் காப்பகம், வனப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது, தோட்டம் நடத்த முடியாது என்று பதில் வந்தது. 2024 டிசம்பரில் ஹைகோர்ட் தொழிலாளர் கோரிக்கையை ஏற்கவில்லை. மறுவாழ்வு உதவிகளைச் செய்து கொடுங்கள் என்று சொன்னது.

காடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அந்தக் காடு இல்லாவிட்டால் தாமிரபரணி இல்லை, தாமிரபரணி இல்லாவிட்டால் அம்பாசமுத்திரம் முதல் ஸ்ரீவைகுண்டம் வரை நெல் இல்லை. கீழே நாற்று நடுகிற விவசாயத் தொழிலாளியின் கூலியும் அந்தக் காட்டில்தான் ஊறுகிறது. என் கேள்வி வேறு. 95 வருஷம் காட்டை வெட்டி லாபம் எடுத்தவனுக்கு, போகிறபோது என்ன பொறுப்பு? வெட்டச் சொன்னவன் கணக்கை முடித்துக்கொண்டு மலையிறங்குகிறான். வெட்டின கூலிக்காரனைக் காட்டின் விரோதி என்று நிறுத்துகிறார்கள்.

இதற்குக் காரணத்தைத் தேடினால் பத்திரத்திலேயே இருக்கிறது. குத்தகைப் பத்திரத்தில் இரண்டு கட்சி உண்டு. நிலம் விடுகிறவர் ஒருவர், எடுக்கிறவர் ஒருவர். உழைக்கிறவன் மூன்றாம் ஆள். கோர்ட்டில் வழக்கு நடக்கும்போதும் அப்படியே. சர்க்காரும் கம்பெனியும் வருஷக்கணக்கில் வாதாடுவார்கள். வழக்கு முடிந்து, நிலம் யாருக்கு என்று தீர்ந்த பிறகுதான் மூன்றாம் ஆள் கையில் நோட்டீஸ் வரும். அப்போது அவன் போய் நின்றால், எல்லாம் தீர்ந்துபோன விஷயம் என்பார்கள்.

ஆனால் மூன்றாம் ஆள் முதலிலேயே உள்ளே நுழைந்து ஜெயித்த வழக்கும் உண்டு. அதையும் சொல்கிறேன்.

ஆந்திராவில் விசாகப்பட்டினம் ஏஜென்சி மலைப் பிரதேசம். முன்பு நம் சென்னை ராஜதானியோடு இருந்த பகுதி. மலைஜனங்களின் நிலம் வட்டிக்கடைக்காரர் கைக்குப் போவதைத் தடுக்க 1917-லேயே அங்கே ஒரு சட்டம் போட்டார்கள். வெள்ளைக்காரனுக்கு மலைஜனங்கள் மேல் பாசம் அல்ல, கலகத்துக்குப் பயம். 1959-ல் அதைவிடக் கெட்டியான ஒழுங்குமுறை வந்தது. ஸ்ரீகாகுளம் மலைகளில் கிரிஜனங்கள் கிளர்ந்தெழுந்த பிறகு 1970-ல் அதைத் திருத்தி இன்னும் இறுக்கினார்கள். அதன் பிரகாரம் அந்த மலைகளில் எந்த 'நபரும்' மலைஜாதியார் அல்லாதவருக்கு நிலத்தை மாற்றிக் கொடுக்க முடியாது.

அனந்தகிரி பக்கம் போரா காட்டில் சர்க்கார் சுரங்கக் குத்தகைகளைக் கம்பெனிகளுக்குக் கொடுத்தது. சமதா என்ற சங்கம் மலைஜனங்களுக்காக வழக்குத் தொடுத்தது. ஹைகோர்ட்டில் தோற்றது, சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. அங்கே முழு வழக்கும் ஒரே ஒரு சொல்லில் வந்து நின்றது. 'நபர்' என்றால் யார்? கம்பெனிகளும் சர்க்காரும் சொன்ன வாதம் இது: "நபர் என்றால் ஆள். சர்க்கார் ஆளா? இல்லையே! ஆகவே சட்டம் எங்களைக் கட்டாது. சர்க்கார் நிலத்தை யாருக்கு வேண்டுமானாலும் குத்தகை விடலாம்." கெட்டிக்கார வாதம்! ஒரு மலைவாசி தன் அரை ஏக்கரை வெளியாருக்கு எழுதக்கூடாது, சர்க்கார் மட்டும் மலையையே எழுதிக் கொடுக்கலாம்!

1997 ஜூலை 11-ம் தேதி மூன்று நீதிபதிகளில் இரண்டு பேர் அந்த வாதத்தைத் தள்ளினார்கள். 'நபர்' என்றால் அதில் சர்க்காரும் அடக்கம், மலையில் சர்க்கார் நிலத்தைத் தனியார் கம்பெனிக்குக் குத்தகை விட்டது செல்லாது என்றார்கள். கனிமம் எடுக்க வேண்டுமானால் சர்க்கார் கழகமோ மலைஜனங்களின் கூட்டுறவுச் சங்கமோ எடுக்கட்டும் என்றார்கள். சுரங்கத்தின் நிகர லாபத்தில் குறைந்தது 20 சதவீதம் அந்த ஜனங்களின் பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, ரோடு, தண்ணீர் முதலியவற்றுக்கு ஒதுக்க வேண்டும் என்றும் சொன்னார்கள்.

இந்தத் தீர்ப்பை மாற்ற மேலே எத்தனையோ முயற்சி நடந்தது. மறுபரிசீலனை மனு போட்டார்கள், நிற்கவில்லை. பிறகு 2001-ல் பால்கோ அலுமினியக் கம்பெனியை விற்றபோது விஷயம் மறுபடி வந்தது. கோர்பாவில் அந்தத் தொழிலாளர்கள் 67 நாள் வேலைநிறுத்தம் செய்தது உங்களில் சிலருக்கு ஞாபகமிருக்கலாம். ஆலை நின்றிருந்த நிலம் மலைஜாதியார் பிரதேசத்து நிலம், தனியாருக்குப் போகக்கூடாது என்பதும் அந்த வழக்கில் ஒரு வாதம். சுப்ரீம் கோர்ட் அதை ஏற்கவில்லை. அந்த ராஜ்யத்துச் சட்டத்தின் வாசகம் வேறு என்றது. போகிறபோக்கில் சமதா தீர்ப்பைப் பற்றித் தனக்கு ஆழ்ந்த சந்தேகம் இருப்பதாகவும் எழுதி வைத்தது. ஆந்திராவிலோ வேறு வழி கண்டுபிடித்தார்கள். சர்க்கார் கழகம் பாக்சைட் தோண்டும், தோண்டியதைக் கம்பெனிக்குக் கொடுக்கும் என்று 2005-லும் 2007-லும் ஒப்பந்தம் போட்டார்கள். வாசலை அடைத்தால் கொல்லைக் கதவு! மலைஜனங்கள் விடவில்லை, வருஷக்கணக்கில் கிராமம் கிராமமாக மறித்து நின்றார்கள்.

நம் தமிழ்நாட்டு மலைகளுக்கு அந்தப் பாதுகாப்பு உண்டா என்று கேட்பீர்கள். இல்லை. அரசியல் சட்டத்தின் ஐந்தாவது அட்டவணையில் தமிழ்நாட்டு மலை ஒன்றுகூடச் சேர்க்கப்படவில்லை. கொல்லிமலையிலும் சேர்வராயன் மலையிலும் மேட்டூர் ஆலைக்காகப் பாக்சைட் வெட்டியபோது, அங்குள்ள மலையாளி ஜனங்கள் சமதா தீர்ப்பைக் காட்டி நிற்க முடியாததற்குக் காரணம் அதுதான்.

கடைசியாக, இங்கே விவசாயத் தொழிலாளித் தோழர் ஒருவர் எழுதிக் கொடுத்திருக்கிற கேள்வி. "மலையும் பந்தய மைதானமும் இருக்கட்டும். எங்கள் ஊரில் மேய்ச்சல் புறம்போக்கைக் கம்பெனிக்குக் கொடுக்கப் பேசுகிறார்கள். அதே புறம்போக்கு ஓரத்தில் நாங்கள் போட்ட குடிசையைப் பிரிக்க சுப்ரீம் கோர்ட் உத்தரவு என்கிறார்கள். இது என்ன?"

நல்ல கேள்வி. ஆக்கிரமிப்பு வழக்குகளில் அடிக்கடி எடுத்துக் காட்டுகிற உத்தரவு 2011 ஜனவரி 28-ம் தேதி வந்தது. பஞ்சாபில் ஒரு கிராமத்துக் குளத்தைச் சிலர் வளைத்துக்கொண்ட வழக்கு. கிராமப் பொதுநிலம் கிராமத்துக்கே, பணபலத்தாலும் அரசியல் பலத்தாலும் வளைத்தவர்களை வெளியேற்றுங்கள் என்று எல்லா ராஜ்யங்களுக்கும் சொன்னது. நல்லது. ஆனால் அதே உத்தரவில் விதிவிலக்கும் இருக்கிறது. நிலமற்ற கூலித் தொழிலாளருக்கோ, தாழ்த்தப்பட்ட, மலைஜாதி மக்களுக்கோ சர்க்கார் அறிவிப்பின்படி குத்தகை கொடுத்திருந்தாலும், பள்ளிக்கூடம், மருந்தகம் போன்றவை இருந்தாலும் முறைப்படுத்தலாம் என்று எழுதியிருக்கிறது. குடிசை பிரிக்க வருகிறவர் முதல் பாதியை உரக்கப் படிப்பார். இரண்டாம் பாதியை நீங்கள் படிக்கச் சொல்ல வேண்டும். ஒன்றும் கவனிக்க வேண்டும்: விதிவிலக்கு, சர்க்கார் அறிவிப்பின் பேரில் இடம் பெற்றவர்களுக்கு. வெறுமனே குடியிருப்பவர்களுக்கு அது தானாக வந்துவிடாது. ஆகவே மனைப்பட்டா கேட்டு மனுக் கொடுத்து, ரசீது வாங்கி வைத்திருப்பது அவசியம்.

மேய்ச்சல் நிலம் கம்பெனிக்குப் போவதைப் பற்றி: முதலில் கிராம அ-பதிவேட்டில் அந்த சர்வே நம்பர் என்ன வகை என்று பாருங்கள். மேய்ச்சல் என்றால் அந்த வகையை மாற்றாமல் குத்தகை விட முடியாது. மாற்ற உத்தரவு போட்டார்களா, எந்தத் தேதி, எத்தனை வருஷம், வாடகை எவ்வளவு, முடிந்தபின் நிலம் எந்த நிலையில் திரும்ப வரவேண்டும், இவற்றைத் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டிக் கேட்டு வாங்கலாம். சர்க்கார் கொடுக்கும் நிலத்துக்கு 1895-ம் வருஷத்துச் சட்டம் ஒன்று இருந்தது, பிறகு அது ரத்தாகிவிட்டது. அது இருந்தவரை பத்திரத்தில் எழுதிய நிபந்தனைதான் எல்லாம், சாதாரணக் குத்தகைச் சட்டத்தின் விதிகள் அதன் குறுக்கே வரவில்லை. எப்படியும் பத்திர நகலைக் கையில் வாங்காமல் வக்கீலிடம் போவதில் பிரயோசனமில்லை. கிராம சபை கூடுகிற நாளில் இதை விஷயமாக வைத்து, ஆட்சேபணையைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதச் சொல்லுங்கள். நாளை கோர்ட்டில், இவர்கள் அப்போது எங்கே போனார்கள் என்று கேட்டால், இந்தப் பக்கத்தில் இருந்தோம் என்று காட்டலாம்.

கேள்வி எழுதிய தோழர் கூட்டம் முடிந்ததும் சர்வே நம்பரை என்னிடம் கொடுத்துவிட்டுப் போகட்டும். மனுவை இன்றே எழுதிவிடலாம்.